செவ்வாயில் காற்றும் மண்ணும் இருக்கே, அப்புறம் ஏன் எல்லாத்தையும் இங்கிருந்து சுமக்கணும்?

வத்தலக்குண்டான் | ஞாயிறு, இரவு 9.10

ஏழாம் வகுப்பு படிக்கிற மகள் நேற்று சாப்பிடும்போது கேட்டாள்: "செவ்வாய்க்குப் போறவங்க திரும்பி வர்றதுக்குப் பெட்ரோல் எங்கப்பா போடுவாங்க?" இங்கிருந்தே கொண்டுபோவார்கள் என்று சமாளித்தேன். "ரெண்டு வருஷத்துக்குத் தண்ணி, காத்து, சாப்பாடு எல்லாமுமா?" என்றாள். ரசத்தை ஊற்றிக்கொண்டு பேச்சை மாற்றிவிட்டேன்.

அவள் தூங்கியதும் கொஞ்சம் தேடிப் பார்த்தேன். அந்தக் காற்றில் 95 சதவீதம் கார்பன் டை ஆக்சைடாம், அதற்குள்ளேயே ஆக்சிஜன் இருக்கிறது. மண்ணுக்கடியில் பனிக்கட்டி. மண்ணில் துருப்பிடித்த இரும்பு. இவ்வளவும் இருந்தால் அங்கேயே எடுத்துக்கொள்ள வேண்டியதுதானே, எதில் சிக்கல்? விஷயம் தெரிந்தவர்கள் சொல்லுங்கள். ராக்கெட் கம்பெனி முதலாளிகளைப் பற்றிய சண்டை மட்டும் வேண்டாம், இதை மகளுக்குப் படித்துக் காட்டப் போகிறேன்.

வாயுமைந்தன் | ஞாயிறு, இரவு 9.52

மகள் சரியான இடத்தில் கை வைத்திருக்கிறாள். திரும்பி வருகிற எரிபொருள்தான் பெரிய பாரம். மூச்சுக்காற்றெல்லாம் அதன் பக்கத்தில் சில்லறை. நாசா சொல்லும் கணக்கு இது: நான்கு பேரைச் செவ்வாய்த் தரையிலிருந்து மேலே கிளப்ப எரிபொருள் 7 டன், அதை எரிப்பதற்கு ஆக்சிஜன் 25 டன். அதே நான்கு பேர் ஒரு வருஷம் அங்கே மூச்சுவிட ஒரு டன் போதும். அதாவது சுமையில் முக்கால்வாசிக்கு மேல் ஆக்சிஜன்தான். அதை அங்கேயே தயாரித்துவிட்டால் பாதிக் கிணறு தாண்டின மாதிரி.

நான் ஆக்சிஜன் பிளான்ட்டில் ஆபரேட்டர், 14 வருஷமாக. அதனால் இந்த விஷயம் மட்டும் விடாமல் படிப்பேன். 2021 பிப்ரவரியில் செவ்வாயின் ஜெசெரோ பள்ளத்தில் இறங்கிய நாசாவின் பெர்சிவரன்ஸ் ஊர்திக்குள் மாக்சி என்று ஒரு கருவி இருந்தது. கார் பேட்டரி அளவு, 17 கிலோ. வெளிக்காற்றை உறிஞ்சி, ஃபில்டரில் தூசியை நிறுத்தி, ஸ்க்ரோல் கம்பரசரில் அழுத்தி (பெரிய ஏசி யூனிட்டில் இருக்கிற அதே வகைதான்), 800 டிகிரிக்குச் சூடாக்கி, பீங்கான் மாதிரியான ஒரு செல்லுக்குள் விடும். அதில் கரண்ட் கொடுத்தால் கார்பன் டை ஆக்சைடிலிருந்து ஓர் ஆக்சிஜன் அணு கழன்று வரும். ஒரு பக்கம் ஆக்சிஜன், மறுபக்கம் கார்பன் மோனாக்சைடு. உள்ளே 800 டிகிரி, பக்கத்திலேயே ஊர்தியின் மற்ற கருவிகள். சூடு வெளியே கசியக் கூடாது என்று பெட்டிக்கு வெளியே தங்க முலாம் பூசியிருந்தார்கள்.

முதல் ஓட்டம் 2021 ஏப்ரல் 20. கிடைத்தது 5.4 கிராம், ஒருவர் பத்து நிமிஷம் மூச்சுவிடலாம். 2023 ஆகஸ்ட் வரை 16 தடவை ஓட்டினார்கள், மொத்தம் 122 கிராம். உச்சத்தில் மணிக்கு 12 கிராம், சுத்தம் 98 சதவீதம்.

122 கிராம்தானா என்று சிரிக்காதீர்கள். நாங்கள் நிரப்புகிற 7 கன மீட்டர் பெரிய சிலிண்டரில் சுமார் 10 கிலோ இருக்கும். ஆக மாக்சி இரண்டு வருஷத்தில் எடுத்தது ஒரு சிலிண்டரில் எண்பதில் ஒரு பங்கு. ஆனால் வேறொரு கிரகத்தின் காற்றிலிருந்து மனிதன் ஒரு பொருளைத் தயாரித்தது அதுதான் முதல் தடவை. பகல், இரவு, காற்று கனமான பருவம், லேசான பருவம், எல்லாவற்றிலும் ஓட்டிப் பார்த்தார்கள்.

பாதிவழி | ஞாயிறு, இரவு 10.05

எரிபொருளும் அங்கேயே தயாரிக்கலாமே! ஹைட்ரஜனையும் கார்பன் டை ஆக்சைடையும் நிக்கல் வினையூக்கியில் விட்டால் மீத்தேனும் தண்ணீரும் வரும். சபாட்டியே வினை. பால் சபாட்டியேவுக்கு 1912-இல் நோபல் பரிசு கிடைத்தது. சர்வதேச விண்வெளி நிலையத்தில் இந்த வினையை நடத்தும் கருவியை 2010-இல் பொருத்தினார்கள். ஸ்டார்ஷிப் ராக்கெட்டுக்கு மீத்தேனைத் தேர்ந்தெடுத்ததற்கு இதுவும் ஒரு காரணம்.

இந்த யோசனையே பழசு. 1990-இல் ராபர்ட் ஜூப்ரினும் டேவிட் பேக்கரும் 'மார்ஸ் டைரக்ட்' என்று திட்டம் போட்டார்கள். திரும்பி வருகிற கப்பலை ஆளில்லாமல் முதலில் அனுப்பிவிட வேண்டும். அது அங்கே உட்கார்ந்து தன் டாங்கைத் தானே நிரப்பிக்கொள்ளும். நிரம்பிவிட்டது என்று தெரிந்த பிறகுதான் ஆட்கள் இங்கிருந்தே கிளம்புவார்கள். எல்லாமே இருக்கு, துணிச்சல்தான் இல்லை!!

குறுக்குசால் | ஞாயிறு, இரவு 10.31

பாதிவழி தம்பி, நீங்கள் சொன்னதில் ஹைட்ரஜன் எங்கிருந்து வரும்? தண்ணீரிலிருந்து. தண்ணீர்? பனிக்கட்டியிலிருந்து. பனிக்கட்டி? தோண்டணும். தோண்ட? கரண்ட் வேணும். கரண்ட்டுக்கு? "இருக்கு இருக்கு" என்று அடுக்கிக்கொண்டே போகலாம். என் கொல்லையிலும் 700 அடியில் தண்ணீர் இருக்கு, குழாயில் வரமாட்டேன் என்கிறது.

திருச்செங்கோட்டு ரிக் | திங்கள், காலை 6.20

குறுக்குசால் ஐயா சொன்ன 700 அடி நம்ம ஏரியா என்பதால் உள்ளே வந்தேன். போர்வெல் வண்டியில் 20 வருஷம், ஆந்திரா முதல் ராஜஸ்தான் வரை.

எனக்கு ஒரு சந்தேகம். போர் போடுவதில் துளை போடுவது பாதி வேலைதான். உள்ளே உடைந்த தூளை மேலே கொண்டுவருவது மீதிப் பாதி. எங்கள் வண்டியில் கம்பரசர் காற்றுதான் ஹேமரை அடிக்கவும் வைக்கும், தூளை மேலே ஊதியும் தள்ளும். காற்று குறைந்தால் தூள் ராடைச் சுற்றி இறுகிக்கொள்ளும், அப்புறம் ஹேமரும் பிட்டும் (கல்லை உடைக்கிற முனை) பூமிக்குக் காணிக்கை. செவ்வாயில் காற்றே இல்லாத மாதிரி என்கிறார்களே, அங்கே எதை வைத்து ஊதுவார்கள்?

கருங்கல் | திங்கள், காலை 8.47

ரிக் அண்ணா, இந்த இழையின் நல்ல கேள்வி உங்களுடையதுதான். நான் படித்தது ஜியாலஜி, இப்போது வேலை வேறு.

செவ்வாயில் காற்றழுத்தம் நம்முடையதில் நூறில் ஒரு பங்குக்கும் கீழே, 6 அல்லது 7 மில்லிபார். அதை அழுத்தி உங்கள் வண்டி ஊதுகிற அழுத்தத்துக்குக் கொண்டுவர வேண்டுமென்றால் கம்பரசர் வண்டியைவிடப் பெரிதாக இருக்கும். இதுவரை அங்கே போட்ட துளைகளின் ஆழத்தைக் கேட்டால் சிரிப்பீர்கள். கியூரியாசிட்டி ஊர்தியின் டிரில் போடுவது சுமார் 5 சென்டிமீட்டர். விரல் நீளம். அதிலும் 2016 டிசம்பரில் பிட்டை முன்னே தள்ளுகிற பாகம் மக்கர் செய்தது. ஆள் போய்ப் பார்க்க முடியாது. இங்கே உட்கார்ந்து யோசித்து, ஊர்தியின் இயந்திரக் கையாலேயே அழுத்திப் போடுகிற மாதிரி வேறு முறை கண்டுபிடித்து, மறுபடி வெற்றிகரமாகத் துளை போட 2018 மே ஆகிவிட்டது. ஒன்றரை வருஷம்!

அடுத்தது நாசாவின் இன்சைட் கலம். 2018 நவம்பரில் இறங்கியது. ஜெர்மனிக்காரர்கள் செய்த ஒரு சுத்தியல் கம்பி அதில் இருந்தது, 40 சென்டிமீட்டர் நீளம், தன்னைத்தானே அடித்து அடித்து 5 மீட்டர் இறங்க வேண்டும். இரண்டு வருஷம் போராடியும் கம்பியின் தலை மண்ணுக்குள் போனதே பெரும்பாடு. 2021 ஜனவரியில் கைவிட்டார்கள். பாறை இடித்துத் தடுக்கவில்லை. மேல்மண் கட்டிதட்டி, கம்பியைச் சுற்றிக் குழி விழுந்து, பிடிப்பே கிடைக்கவில்லை.

திருச்செங்கோட்டு ரிக் | திங்கள், காலை 9.15

சைடு மண் பிடிக்கவில்லை என்றால் ஹேமர் நின்ற இடத்திலேயே குதிக்கத்தான் செய்யும். கேசிங் (துளைச் சுவர் சரியாமல் இருக்க இறக்கும் குழாய்) இறக்காமல் லூஸ் மண்ணில் போட்டால் எங்களுக்கும் இதே கதைதான். அங்கே எடை வேறு குறைவு இல்லையா? வண்டியின் எடைதானே பிட்டை அழுத்துகிறது.

கருங்கல் | திங்கள், பகல் 1.20

அதேதான். ஈர்ப்பு நம்முடையதில் 38 சதவீதம். 20 டன் வண்டி அங்கே ஏழரை டன் மாதிரி அழுத்தும். இவ்வளவு பணம் கொட்டி 20 டன்னைக் கொண்டுபோய் இறக்கினாலும் பலன் அவ்வளவுதான். (கேசிங் பற்றி யாராவது அந்த ஜெர்மனிக்காரர்களிடம் முன்பே சொல்லியிருக்கலாம்.)

தண்ணீர் விஷயத்துக்கு வருகிறேன். இருப்பதில் சந்தேகமே இல்லை. 2008-இல் ஃபீனிக்ஸ் கலம் 68 டிகிரி வடக்கில் இறங்கி, கையால் சுரண்டியதும் சில சென்டிமீட்டர் அடியில் வெள்ளையாகத் தெரிந்தது. சின்னத் துண்டுகள் நாலு நாளில் உருகாமலேயே ஆவியாகிக் காணாமல் போயின. அப்படித்தான் அது உப்பில்லை, பனிக்கட்டி என்று உறுதியானது. 2021 டிசம்பர் 24 அன்று ஒரு விண்கல் விழுந்து 150 மீட்டர் பள்ளம் ஆனது. அதிர்ச்சியை இன்சைட் பிடித்தது, மேலே சுற்றுகிற கலம் படம் எடுத்தது. பள்ளத்தைச் சுற்றிப் பனிக்கட்டிப் பாளங்கள் சிதறிக் கிடந்தன. அந்த இடம் 35 டிகிரி வடக்கு. நடுக்கோட்டுக்கு அவ்வளவு பக்கத்தில் அதற்கு முன் பனிக்கட்டியைக் கண்ணால் பார்த்ததில்லை.

இது ஏன் முக்கியம் என்றால், வெயிலும் வெதுவெதுப்பும் நடுக்கோட்டுப் பக்கம், பனிக்கட்டி துருவப் பக்கம். தண்ணீருக்காக வடக்கே போனால் குளிர்காலத்தில் வெயில் கிடையாது. கரண்ட்டுக்காகத் தெற்கே வந்தால் தண்ணீர் கிடையாது. குடியிருப்பு எங்கே போடுவது என்கிற பேச்சு முழுக்க இந்த இழுபறிதான்.

பனிக்கட்டியை வெட்டாமல் எடுக்க ஒரு வழி இருக்கிறது. அண்டார்டிகாவில் தென்துருவ நிலையத்துக்குத் தண்ணீர் வருவது அப்படித்தான். பனியில் துளை போட்டுச் சூடான தண்ணீரை உள்ளே விடுவார்கள். கீழே உருகி ஒரு குளம் மாதிரி ஆகும். அதிலிருந்து இறைத்து, கொஞ்சத்தைச் சூடாக்கி மறுபடி உள்ளே விட்டுக்கொண்டே இருந்தால் கிணறு வற்றாது. சூட்டை நிறுத்தினால் கிணறே உறைந்துவிடும். ரோட்ரிகஸ் கிணறு என்று பெயர், கண்டுபிடித்த அமெரிக்க ராணுவப் பொறியாளரின் பெயர்தான். செவ்வாய்க்கும் இதைத்தான் தீவிரமாகப் பேசுகிறார்கள்.

பனிக்கட்டி இல்லாத இடத்தில் மண்ணை வறுக்க வேண்டும். கேல் பள்ளத்து மண்ணைக் கியூரியாசிட்டி சூடாக்கிப் பார்த்தபோது எடையில் சுமார் 2 சதவீதம் தண்ணீர் வந்தது. ஒரு டன் தண்ணீருக்கு 50 டன் மண். ஜிப்சம் கிடைத்தால் யோகம். அதன் எடையில் ஐந்தில் ஒரு பங்கு தண்ணீர், 150 டிகிரிக்குச் சூடாக்கினால் அதில் முக்கால்வாசி கழன்றுவிடும். பிளாஸ்டர் ஆஃப் பாரிஸ் தயாரிக்கிறார்களே, அதே வேலை. இங்கே தண்ணீரை விட்டுவிட்டுப் பொடியை விற்கிறோம், அங்கே பொடியைக் கொட்டிவிட்டுத் தண்ணீரைப் பிடிக்க வேண்டும். 2011-இல் ஆப்பர்ச்சூனிட்டி ஊர்தி பாறையில் ஜிப்சம் படிந்த ஒரு கீற்றையே நேரில் பார்த்தது. கட்டைவிரல் அகலம்தான்.

வத்தலக்குண்டான் | திங்கள், இரவு 8.02

மகள் பக்கத்திலேயே உட்கார்ந்திருக்கிறாள். ரோட்ரிகஸ் கிணறு ரொம்பப் பிடித்துவிட்டது. வாயுமைந்தன் ஐயா, மாக்சியைப் பெரிதாகச் செய்தால் 25 டன் எடுக்க எவ்வளவு நாள் ஆகும்? இது என் கேள்வி.

வாயுமைந்தன் | திங்கள், இரவு 10.40

ஷிஃப்ட் முடிந்து வந்தேன். அவர்கள் நினைக்கிற பெரிய மாடல் ஒரு டன் எடை, மணிக்கு 2 முதல் 3 கிலோ தரும், 25 முதல் 30 கிலோவாட் தின்னும். இரண்டரைக் கிலோ என்று வைத்தால் 25 டன்னுக்குப் பத்தாயிரம் மணி நேரம். நிறுத்தாமல் ஓடினால் 14 மாதம். பூமியிலிருந்து செவ்வாய்க்கு வண்டி கிளம்ப வசதியான நேரம் 26 மாதத்துக்கு ஒருமுறைதான் வருகிறது, அதனால் கணக்கு இடிக்காமல் உட்காருகிறது.

ஆனால் கரண்ட்டைப் பாருங்கள். ஒரு கிலோவுக்குச் சுமார் 10 யூனிட். இங்கே பெரிய கிரையோஜெனிக் பிளான்ட்டில் ஒரு யூனிட்டுக்கும் கீழே வரும். காரணம், நம் காற்றில் ஆக்சிஜன் தனியாகவே இருக்கிறது, நாங்கள் பிரித்தெடுக்கிறோம், அவ்வளவுதான். அங்கே அது கார்பனோடு கட்டிப்பிடித்துக்கொண்டிருக்கிறது, பிய்த்தெடுக்க வேண்டும். 25 டன்னுக்கு இரண்டரை லட்சம் யூனிட். மாதம் 250 யூனிட் ஓடுகிற வீட்டுக்கு 83 வருஷத்துக்கான கரண்ட்.

இன்னொன்று, பிளான்ட் ஓட்டுகிறவனுக்குத்தான் இது உறைக்கும். மாக்சி ஓடியது 16 தடவை, ஒவ்வொன்றும் ஏறக்குறைய ஒரு மணி நேரம். அதற்கே ஊர்தியின் மற்ற வேலைகளை நிறுத்தி வைக்க வேண்டியிருந்தது. ஊர்தியின் அணு பேட்டரி தருவது 110 வாட், மாக்சி கேட்பது 300 வாட். பேட்டரியில் சேர்த்து வைத்துத்தான் ஓட்டினார்கள். அந்த ஒரு மணி நேர ஓட்டத்திலிருந்து பத்தாயிரம் மணி நேர ஓட்டத்துக்குப் போக வேண்டும். எங்கள் கம்பரசரில் வால்வு பிளேட் எத்தனை மணி நேரம் தாங்கும், ஃபில்டரை எப்போது மாற்ற வேண்டும் என்று லாக் புக்கில் எழுதி வைத்திருக்கிறோம். ஒரு தடவை நான் வேலை பார்த்த ஒரு இடத்தில் அம்பது ரூபாய் கேஸ்கெட் இல்லாமல் ஒன்றரை நாள் பிளான்ட் நின்றது. சப்ளையர் வெள்ளிக்கிழமை போனை எடுக்கவில்லை. அங்கே கேஸ்கெட் வர 26 மாதம்.

செல்லிலும் ஒரு கண்டம் உண்டு. வோல்ட்டேஜ் கொஞ்சம் ஏறிவிட்டால் கார்பன் மோனாக்சைடு மேலும் உடைந்து கரியாகப் படியும். படிந்தால் செல் காலி. அதனால் பேராசைப்பட்டு வேகமாக ஓட்ட முடியாது.

குறுக்குசால் | திங்கள், இரவு 11.08

இதைத்தான் சொல்ல வந்தேன். பொருள் இல்லாதது பிரச்சினை இல்லை. கரண்ட்டும் கேஸ்கெட்டும்தான் பிரச்சினை.

சோலார் என்று யாராவது சொல்வதற்கு முன்னால்: அங்கே வெயில் நம்முடையதில் பாதிகூட இல்லை, 43 சதவீதம். அதற்கு மேல் தூசி. 14 வருஷத்துக்கு மேல் ஓடிய ஆப்பர்ச்சூனிட்டி 2018 ஜூன் 10-க்குப் பிறகு வாய் திறக்கவே இல்லை. கிரகம் முழுக்கத் தூசிப் புயல், பேனலில் வெளிச்சம் விழவில்லை. இன்சைட் 2022 டிசம்பரில் போனதும் பேனலில் தூசி படிந்துதான். துடைக்க ஓர் ஆள் இல்லை.

பாதிவழி | செவ்வாய், காலை 7.30

அண்ணா, அதனால்தான் அணு உலை. 2018-இல் நாசா நெவாடாவில் கிலோபவர் என்று ஒரு சின்ன உலையை ஓட்டிக் காட்டினார்கள். மார்ச் மாதம் 28 மணி நேரச் சோதனை. அது 1 கிலோவாட் மாதிரி, இலக்கு 10 கிலோவாட். மூன்று வைத்தால் வாயுமைந்தன் சொன்ன 30 வந்துவிடும். தூசிப் புயல், ராத்திரி, எதுவும் பாதிக்காது. (நேற்று ஆர்வக்கோளாறில் ஆச்சரியக்குறி அதிகம் போட்டுவிட்டேன், மன்னிக்கவும்.)

குறுக்குசால் | செவ்வாய், காலை 7.44

மூன்றும் ஆக்சிஜன் பிளான்ட்டுக்கே சரியாப் போச்சு. வீட்டுக்கு விளக்கு?

மாடித்தோட்டம் | செவ்வாய், காலை 11.15

சாப்பாட்டைப் பற்றி யாருமே பேசவில்லையே என்று பார்த்துக்கொண்டே இருந்தேன். ஆண்கள் கூடினால் போர்வெல், கம்பரசர்!

நெதர்லாந்தில் வாகெனிங்கன் பல்கலைக்கழகத்தில் வீகர் வாமெலிங்க் என்பவர் 2013-இலிருந்து செவ்வாய் மாதிரி மண்ணில் செடி வளர்த்துப் பார்க்கிறார். தக்காளி, பட்டாணி, முள்ளங்கி, ரை என்று கோதுமை மாதிரி ஒரு தானியம், எல்லாம் காய்த்தன. 2017-இல் பன்றிச் சாணக் கரைசல் விட்டு மண்புழு போட்டதில் குட்டியும் போட்டது. படித்ததும் எனக்கு ஒரே சந்தோஷம். என் தொட்டியில் மண்புழு குட்டி போட ஆறு மாதம் ஆனது.

ஆனால் அந்த மண் செவ்வாயிலிருந்து வந்ததில்லை, ஹவாய்த் தீவின் எரிமலை மண். உண்மையான செவ்வாய் மண் ஒரு பிடிகூட நம்மிடம் கிடையாது. நிலவு மண் உண்டு. 2022-இல் ஃபுளோரிடாவில் அப்பல்லோ கொண்டுவந்த மண்ணில் கடுகுக் குடும்பத்துச் சின்னச் செடி ஒன்றை வளர்த்தார்கள். ஒரு செடிக்கு ஒரு கிராம் மண். முளைத்தது எல்லாம் முளைத்தது, ஆனால் நோஞ்சான். பக்கத்தில் எரிமலைச் சாம்பலில் வைத்தது இதைவிட நன்றாக வந்தது.

மண் என்கிறோம், அது மண்ணே இல்லை. அரைத்த பாறை. மட்கு இல்லை, நுண்ணுயிர் இல்லை, தழைச்சத்து இல்லை. எம் சாண்டில் கீரை போடுகிற கதைதான்.

கருங்கல் | செவ்வாய், பகல் 2.05

அக்கா சொன்னதோடு இன்னொன்று. அந்த ஹவாய் மண்ணில் பெர்குளோரேட் இல்லை. செவ்வாயில் உண்டு. ஃபீனிக்ஸ் கண்டுபிடித்ததில் பெரியது அதுதான், மண்ணில் அரை சதவீதம் அளவுக்கு. தைராய்டு சுரப்பிக்குள் அயோடின் போகவிடாமல் மறிக்கும் உப்பு அது. செடி அதை உறிஞ்சி இலையில் சேர்த்துவைக்கும். தண்ணீரில் எளிதில் கரையும், அதனால் அலசி எடுக்கலாம். ஆனால் அலசத் தண்ணீர்?

இதில் ஒரு வேடிக்கை. அதே பெர்குளோரேட்டில் ஆக்சிஜன் நிறைய இருக்கிறது. விண்வெளி நிலையத்தில் ரஷ்யர்கள் அவசரத்துக்கு வைத்திருக்கும் விக்கா என்ற கருவியில் லித்தியம் பெர்குளோரேட் கட்டியைத்தான் எரிப்பார்கள், ஒரு கட்டி ஓர் ஆளுக்கு ஒரு நாள் மூச்சு. திட எரிபொருள் ராக்கெட்டிலும் இதன் அம்மோனிய உப்புதான் போகிறது. கீரைக்கு விஷம், ராக்கெட்டுக்குத் தீனி.

மாதிரி மண் என்றதும் எங்கள் பக்கத்துக் கதை ஒன்று. சந்திரயானுக்காக இஸ்ரோ நிலவு மண் மாதிரி தேடியபோது அனார்த்தசைட் பாறை கிடைத்தது நாமக்கல் மாவட்டம் சித்தம்பூண்டி, குன்னமலைப் பக்கம். நிலவின் மேட்டு நிலப் பாறையும் இதே இனம். வெள்ளை வெளேர் என்று இருக்கும். அரைத்துப் பெங்களூருக்கு அனுப்பி, அதன்மேல்தான் இறங்குகிற கலத்தின் கால், ஊர்தியின் சக்கரம் எல்லாம் சோதித்தார்கள். சேலம் பெரியார் பல்கலைக்கழக ஜியாலஜி துறை இதில் இருந்தது. படிக்கிற காலத்தில் அந்தப் பாறைமேல் உட்கார்ந்து தயிர்சாதம் சாப்பிட்டிருக்கிறேன், நிலவில் உட்கார்ந்திருக்கிறோம் என்று தெரியாமல்.

திருச்செங்கோட்டு ரிக் | செவ்வாய், பகல் 2.30

அந்தப் பக்கம் போர் போட்டிருக்கேன் தம்பி. பிட்டு தின்கிற கல்.

மாடித்தோட்டம் | செவ்வாய், மாலை 5.50

வீடு கட்டுவதற்கும் ஒன்று சொல்கிறேன், இது சமையலறை சம்பந்தப்பட்டது என்பதால். பெங்களூர் இந்திய அறிவியல் கழகமும் இஸ்ரோவும் சேர்ந்து செவ்வாய் மாதிரி மண்ணில் செங்கல் செய்திருக்கிறார்கள், 2022-இல் வெளியிட்டார்கள். சூளை கிடையாது. மண்ணோடு ஒரு பாக்டீரியா, யூரியா, கொத்தவரை விதைப் பசை. பாக்டீரியா யூரியாவைத் தின்று சுண்ணாம்புப் படிகமாக மாற்றும், அது மண்துகள்களைப் பிடித்துக்கொள்ளும். மண்ணில் இருக்கிற இரும்பு பாக்டீரியாவைக் கொன்றது, அதற்கு நிக்கல் குளோரைடு கொஞ்சம் சேர்த்துச் சரி பண்ணினார்கள். யூரியாவை மனிதச் சிறுநீரிலிருந்தே எடுத்துக்கொள்ளலாம். யாருமே தொடாமல் கிடக்கிற கொத்தவரங்காய்க்கு இப்படி ஒரு காலம் வரும் என்று என் மாமியாரிடம் சொன்னால் நம்பமாட்டார்.

கருங்கல் | செவ்வாய், மாலை 6.35

அமெரிக்காவில் 2016-இல் கந்தகத்தை உருக்கி மண்ணோடு கலந்து கான்கிரீட் செய்தார்கள், சொட்டுத் தண்ணீர் வேண்டாம். சுவர் பலமாக இருப்பதைவிடத் தடிமனாக இருப்பதுதான் அங்கே முக்கியம். கியூரியாசிட்டி அளந்ததில் தரையில் கதிர்வீச்சு நாளுக்குச் சுமார் 0.67 மில்லிசீவர்ட். பூமியில் இயற்கையாக வருஷத்துக்கே 2.4தான். அதாவது இங்கே ஒரு வருஷத்தில் வாங்குவதை அங்கே நாலு நாளில் வாங்கிவிடுவோம். அதனால் தலைக்கு மேல் மண்ணைக் குவித்துக்கொள்வதுதான் முதல் வேலை. தோண்டி எடுத்து மேலே போடுகிற சாதாரண மண்தான் அங்கே முதலில் உபயோகத்துக்கு வரும், என் கணிப்பு அது.

மட்டுறுத்துநர் | செவ்வாய், இரவு 8.00

விண்வெளிச் சட்டம், யாருக்குச் சொந்தம் என்ற விவாதத்தில் வந்த ஐந்து பதிவுகளைத் தனி இழைக்கு மாற்றியிருக்கிறேன். 1967 ஒப்பந்தம், அமெரிக்காவின் 2015 சட்டம், 2023-இல் இந்தியா கையெழுத்திட்ட ஆர்ட்டெமிஸ் உடன்பாடு எல்லாம் அங்கே. இங்கே பொருளை எடுப்பது பற்றி மட்டும்.

குறுக்குசால் | செவ்வாய், இரவு 9.20

கடைசியாக ஒன்று, அப்புறம் நான் தூங்கப் போகிறேன். எடுக்கிற பொருளைவிட எடுத்ததைத் தக்கவைப்பதுதான் எனக்குப் பயம். அரிசோனாவில் பயோஸ்பியர் 2 என்று கண்ணாடி மாளிகை கட்டி, 1991-இல் எட்டுப் பேரை உள்ளே வைத்து இரண்டு வருஷம் பூட்டினார்கள். காடு, வயல், குட்டிக் கடல் எல்லாம் உள்ளேயே. 20.9 சதவீதம் இருந்த ஆக்சிஜன் 16 மாதத்தில் 14.2-க்கு இறங்கியது. மாடிப்படி ஏறினால் மூச்சு வாங்கிற்று. வெளியிலிருந்து ஆக்சிஜன் அடித்தார்கள். யார் தின்றது என்று பார்த்தால், வளமாக இருக்கட்டும் என்று ஆசையாகப் போட்ட உர மண்ணில் இருந்த நுண்ணுயிர்கள். அவை மூச்சுவிட்ட கார்பன் டை ஆக்சைடு செடிக்குத் திரும்பப் போயிருந்தாலாவது ஆக்சிஜன் திரும்பியிருக்கும். அதைக் கட்டிடத்தின் கான்கிரீட் குடித்துவிட்டது. சுவரே ஆக்சிஜனைக் குடித்த மாதிரி. இது பூமியில், லாரி வந்து நிற்கிற இடத்தில்.

வாயுமைந்தன் | செவ்வாய், இரவு 10.55

குறுக்குசால் ஐயா, முழுக்க ஒத்துக்கொள்கிறேன், ஒன்றைத் தவிர. விண்வெளி நிலையத்தில் சிறுநீர், வியர்வை, மூச்சில் வரும் ஈரம் எல்லாவற்றையும் சேர்த்துத் தண்ணீரை 98 சதவீதம் திரும்ப எடுக்கிறார்கள். 2023-இல்தான் அந்த எண்ணைத் தொட்டார்கள், அதற்கு முன் 93, 94 என்று நின்றிருந்தது. அந்த நாலு சதவீதத்துக்கு வருஷக்கணக்கில் குழாயோடும் பம்ப்போடும் மல்லுக்கட்டியிருக்கிறார்கள். திறமை இருக்கிறது. மெதுவாக வரும். எனக்கு மாக்சியை ஒரு வருஷம் நிறுத்தாமல் ஓட்டுகிற சோதனையை எங்காவது பார்த்துவிட வேண்டும். லாக் புக்கோடு.

வத்தலக்குண்டான் | புதன், இரவு 9.05

எல்லாருக்கும் நன்றி. முழுசாகப் படித்துக் காட்டினேன், கொத்தவரங்காயில் சிரித்தாள், சுவர் ஆக்சிஜன் குடித்ததில் வாயடைத்துப் போனாள். கடைசியில் ஒரே கேள்விதான் கேட்டாள்: "அந்த 122 கிராமை என்னப்பா பண்ணினாங்க?"

வாயுமைந்தன் | புதன், இரவு 9.31

எவ்வளவு, எவ்வளவு சுத்தம் என்று அளந்து பார்த்துவிட்டு வெளியே விட்டுவிட்டார்கள். பிடித்து வைக்க அதில் டாங்க் கிடையாது.

வத்தலக்குண்டான் | புதன், இரவு 9.40

சொன்னேன். "அங்க இருக்கிற காத்துலயே போய்க் கலந்துடுச்சா?" என்று கொஞ்ச நேரம் யோசித்தாள். பிறகு, அடுத்த தடவை ஒரு பலூனாவது கட்டிவிடச் சொல்லுங்கள் என்கிறாள்.